குல்லாயைக் கண்டு குலம் கூறலாமோ?

கல்வராயன் மலையடிவாரத்தில் பிறந்து, கரும்பும் மரவள்ளியும் விளையும் கழனிகளிடையே வளர்ந்த கள்ளக்குறிச்சி மாணாக்கர், கடற்பாறையில் ஒட்டி வாழும் ஒரு சிறு நத்தையைப்பற்றிப் பேசப் புகுந்தால், மலையில் இருப்பவனுக்கு மீன் விலை எதற்கு என்று சிலர் நகைக்கக்கூடும். கள்ளக்குறிச்சிக்கும் பரங்கிப்பேட்டைக் கடற்கரைக்கும் நேர்கோட்டில் ஏறக்குறைய 90 கிலோமீட்டர் உண்டு. ஆதலின் அந்நகை முற்றும் நியாயமற்றதென்று சொல்வதற்கில்லை. ஆயினும் அவ்விரண்டையும் ஒரு நீர் இணைத்திருக்கின்றது. கல்வராயனிற் பிறக்கும் மணிமுத்தாறு கள்ளக்குறிச்சிப் பக்கத்து நிலங்களை நனைத்து, விருத்தாசலத்தில் விருத்தகிரீசுவரர் கோயிலருகே ஓடி, வெள்ளாற்றிற் கலக்க, வெள்ளாறு பரங்கிப்பேட்டையில் கடலை அடைகின்றது. தலையில் மலை ஓடையின் நன்னீர். இடையில், விருத்தாசலத்தைச் சூழ்ந்த மண்ணில், ஏறக்குறைய 7 கோடி ஆண்டுகளுக்கு முன் பரந்து கிடந்த ஒரு கடலின் அடித்தளம். முடிவில் இன்றைய வங்கக் கடல். இம்மூன்றிடத்திற்கும் நாம் பேசப் புகுந்த பொருளோடு தொடர்புண்டு.

நம் கலாசாலை விலங்கியற் பகுதியின் கண்ணாடி அலுமாரியில், சங்குகளுக்கும் சோழிகளுக்கும் கீழ்த்தட்டில், சிறு குல்லாய்களைக் கவிழ்த்தாற்போன்ற நான்கு ஓடுகள் வைக்கப்பட்டுள்ளன. நான்கிற்கும் சேர்த்து ஒரே சீட்டு. அதில் 'லிம்பெட்' என்னும் ஒரு சொல்லே எழுதியிருக்கின்றது. எடுத்த ஊரும் இல்லை, நாளும் இல்லை, எடுத்தவர் பெயரும் இல்லை. இச்சீட்டைக் குறித்தே எழுத விரும்புகின்றேன். சீட்டு எழுதினவர்மேற் குறை கூறுவது என் கருத்தன்று. எத்தனையோ கலாசாலைகளின் அலுமாரிகளிலும் இத்தகைய சீட்டுகளே தொங்குகின்றன. ஆனால் அவ்வொரு சொல் மாணாக்கனுக்கு ஒரு பொய்யைக் கற்பிக்கின்றது. அந்நான்கு ஓடுகளும் நான்கு வெவ்வேறு குலத்தன.

முதலாவது, உச்சியிலிருந்து விளிம்புவரை கதிர்கள்போல் வரிகள் ஓடுவது. இதுவே மெய்யான லிம்பெட். ஸெல்லானா ராடியாட்டா என்பது இதன் நூற்பெயர். நம் கடற்கரையில் அலை மோதும் பாறைகளில் வாழும் லிம்பெட்டுகளுள் மாணாக்கர் கண்ணுக்கு எளிதில் அகப்படுவது இது. இரண்டாவதன் உச்சியில் ஒரு துளை இருக்கின்றது. சாவித்துளை லிம்பெட் என்று சொல்லப்படும் இது, கழிவுநீரை அத்துளை வழியே வெளிவிடுகின்றது. இதற்கு நெருங்கிய சுற்றம் அபலோன், டிரோக்கஸ் முதலியன. மூன்றாவது ஓட்டின் வலப்பக்க விளிம்பு சற்றே புடைத்திருக்கின்றது. இது சைபனேரியா. அப்புடைப்பின் உட்புறமாகக் காற்று செல்லும் வழி ஒன்று உளது. நீர் வடிந்த வேளையில் இப்பிராணி காற்றைச் சுவாசிக்கின்றது. பாறைமேல் லிம்பெட்டின் அருகே லிம்பெட்டைப் போலவே அமர்ந்திருக்கும் இதற்கு உறவு நம் தோட்டத்து நத்தையோடுதான். நான்காவதன் உட்புறத்தே ஒரு தட்டு, செருப்பின் மேற்பாகம்போல் அமைந்திருக்கின்றது. இது மேய்வதை விட்டு, நீரில் மிதந்து வரும் நுண்பொருள்களைச் செவுளால் வடித்து உண்பது. சோழிக்கு இது உறவினமாகும்.

இங்ஙனம் உறவில்லாதவை ஒரே உருவம் கொள்வானேன்? காரணம் கடலில் இருக்கின்றது. அலை ஓங்கி அடிக்கும் பாறைமேல் சுருண்டு உயர்ந்த ஓட்டைச் சுமந்து நிற்பது கடினம். அகன்ற அடியும், தாழ்ந்த முடியும், பாறையைக் கவ்வும் பெரிய தசைப்பாதமும் உடையதே நிலைக்கும். ஆகவே நத்தையினத்தின் பல கிளைகள், தனித்தனியே, வெவ்வேறு காலங்களில், சுருளை விட்டுக் குல்லாயைப் பூண்டன. தலைப்பாகை கட்டியவரெல்லாம் ஓரூரார் ஆகார். வெயில் எவ்வூரிலும் சுடும்.

இத்தவற்றில் விழுந்தவர் சாமானியரல்லர். உயிர்களுக்கு இருசொற் பெயரிடும் முறையை நிலைநாட்டிய லின்னேயஸ், 1758-இல் வெளிவந்த தம் நூலின் பத்தாம் பதிப்பில், குல்லாய் ஓடுடையவற்றையெல்லாம் பட்டெல்லா என்னும் ஒரே பேரினத்தில் அடக்கினார். பட்டெல்லா என்பதற்கு இலத்தீனிற் சிறு தட்டு என்பது பொருள். மெய்யான லிம்பெட்டோடு துளையுடையதும், செருப்புப் போன்றதும், ஐரோப்பிய ஏரியில் வாழும் ஒரு நன்னீர் நத்தையும் அத்தட்டில் இடம்பெற்றன. இன்னும் வியப்பு யாதெனில், பட்டெல்லா உங்குயிஸ் என்று அவர் பெயரிட்டது நத்தையே அன்று. இரண்டு ஓடுகளையுடைய லிங்குலா என்னும் பிராக்கியோபாடு வகுப்பைச் சார்ந்த பிராணியின் ஓர் ஓடு அது. மற்றை ஓடு உடன் இல்லாமையால் ஒற்றை ஓட்டுப் பிராணி என்று எண்ணிவிட்டார். டென்மார்க்குப் புலவராகிய முல்லரும் 1776-இல் இன்னொரு பிராக்கியோபாடை இவ்வாறே பட்டெல்லா என்று எழுதினார். உடல் இல்லாத ஓடு எத்துணைப் பெரிய அறிஞரையும் வழிதவறச் செய்யும் என்பதற்கு இவை போதும்.

நம் ஸெல்லானா ராடியாட்டாவின் வரலாறும் அத்தகையதே. அதற்கு ராடியாட்டா, அஃதாவது கதிருடையது, என்று முதலிற் பெயரிட்டவர் இக்னாஸ் வான் போர்ன் என்பவர். அவர் கனிமநூல் வல்லவர்; வியன்னா நகரில் அரசியார் மரியா தெரசாவின் அரண்மனைக் காட்சிசாலையிலிருந்த கிளிஞ்சல்களை ஒழுங்குபடுத்தி 1778-இல் ஒரு பட்டியல் வெளியிட்டார். பாறையில் மேயும் உயிரை அவர் கண்டு பெயரிட்டாரல்லர். பேழையிற் கிடந்த ஓட்டைக் கண்டு பெயரிட்டார். அக்காலத்துக் கப்பல் மாலுமிகள் கொணர்ந்து விற்ற ஓடுகளுக்கு ஊர்ப்பெயர் அரிதாகவே இருக்கும். இருந்தாலும் 'கிழக்கிந்தியா' என்று இருக்கும். கிழக்கிந்தியா என்பதோ பாரசீக வளைகுடாவிலிருந்து சீனம்வரை நீளும். பதின்மூன்று ஆண்டுகள் கழித்து, 1791-இல், குமெலின் என்பவர் ஏறக்குறைய இதேபோன்ற ஓட்டிற்கு ரோட்டா, அஃதாவது சக்கரம், என்று பெயர் வைத்தார். கதிரும் சக்கரமும் ஒன்றா இரண்டா என்னும் வழக்கு நெடுங்காலம் நடந்தது. இவ்விரண்டும் அக்காலத்தில் பட்டெல்லாவே. 1869-இல் ஹென்றி ஆடம்ஸ் ஸெல்லானா என்னும் பேரினத்தை அமைத்த பின்னரே இவை அதிற் புகுந்தன. 1930-இல் விங்க்வொர்த் கராச்சிக் கரையிலிருந்து மற்றோரினத்தை வேறுபடுத்திக் காட்டினார். நியூசிலாந்து நாட்டுப் பவெல் என்பவர் 1973-இல் உலகத்து லிம்பெட்டுகளைத் தொகுத்து எழுதியபோது, முன்னோர் தனி இனங்களென்று எண்ணிய சில உருவங்களை ராடியாட்டாவின் உள்வகைகளாகவே வைத்தார். அவருக்குப் பின் வந்தோர் அவற்றுட் சிலவற்றை மீண்டும் பிரித்தனர். ஒரே ஓடு சேர்வதும் பிரிவதுமாக இருநூறு ஆண்டுகளுக்கு மேல் அலைந்திருக்கின்றது. பேழையில் முதன்முதல் வைத்தவர் எந்தக் கடலில் எடுத்ததென்று ஒரு வரி எழுதி வைத்திருந்தால் இவ்வழக்கிற் பாதி குறைந்திருக்கும் என்று நான் நினைக்கின்றேன்.

ஓட்டின் வடிவம் ஏன் சான்றாகாது என்பதை விளக்க வியன்னாவுக்குச் செல்ல வேண்டுவதில்லை. நம் கிழக்குக் கரையிலேயே அது ஆராயப்பட்டிருக்கின்றது. விசாகப்பட்டினத்து ஆந்திரப் பல்கலைக்கழகத்தில் பி. என். கணபதி, பாலபரமேசுவர ராவ் ஆகிய இருவரும் இந்த ராடியாட்டாவையே வால்டேர்ப் பாறைகளில் அளந்து, 1971-இல் தம் முடிபுகளை வெளியிட்டனர். பாறையின் மேற்பகுதியில், நீர் வடிந்தபின் நெடுநேரம் வெயிலிற் காயும் இடத்தில் வாழ்பவற்றின் ஓடு உயர்ந்தும் கனத்தும் இருந்தது. கீழே, எந்நேரமும் நனையும் இடத்தில் வாழ்பவற்றின் ஓடு தாழ்ந்திருந்தது. இனம் ஒன்றே, பாறையும் ஒன்றே, உயரம் மட்டும் வேறு. ஆங்கிலக் கரையில் வாழும் லிம்பெட்டைக் குறித்து ஆர்ட்டன் என்பார் 1920-களின் இறுதியில் இதற்கொரு காரணம் கூறினார்: வெயிலிற் காயும் பிராணி நீர் உலர்ந்து போகாவண்ணம் தன்னைப் பாறையோடு இறுக்கிக்கொள்கின்றது, அவ்வாறு இறுக்குந்தோறும் ஓட்டைச் சுரக்கும் போர்வைத்தோல் உள்ளிழுக்கப்படுகின்றது, அதனால் ஓடு அகலாமல் உயர்கின்றது. உயர்ந்த ஓட்டினுள் நீரைச் சற்று மிகுதியாகத் தேக்கிக்கொள்ளும் வசதியும் உண்டாகின்றது. இதனை அறியாமல், இரண்டு ஓடுகளை மேசைமேல் வைத்துப் பார்ப்பவன், இரண்டினம் என்று எழுதிவிடுவான். மேற்பாறை, கீழ்ப்பாறை என்று சீட்டில் ஒரு சொல் எழுதப்பட்டிருந்தால் எழுதமாட்டான்.

வடிவம் பயன்படாதாயின் வேறெதனால் வகுப்பது? முதலில் நா. லிம்பெட்டின் வாயினுள் பல்வரிசைகள் பொருந்திய நாடா ஒன்று உண்டு. பல இனங்களில் அது ஓட்டின் நீளத்தினும் நீண்டு, உடலினுள்ளே சுருட்டி வைக்கப்பட்டிருக்கும். பாறைமேற் படர்ந்த பாசியை அதனாற் சுரண்டி உண்கின்றது. பல் தேயத் தேயப் பின்வரிசை முன்வந்து நிற்கும். அப்பற்களில் கோயதைட் என்னும் இரும்புக் கனிமம் இழைகளாக ஓடுகின்றது. இங்கிலாந்தில் போர்ட்ஸ்மத் பல்கலைக்கழகத்தார் 2015-இல் அப்பற்களை இழுத்துச் சோதித்து, அதுவரை அறியப்பட்ட உயிர்ப்பொருள்கள் அனைத்தினும் வலியது லிம்பெட்டின் பல்லே என்று கண்டனர். அதற்குமுன் அப்பெருமை சிலந்தி நூலுக்கு உரியதாயிருந்தது. பாறையைத் தின்று வாழ்பவனுக்குப் பல் வலிதாயிருத்தல் முறைதானே! இந்நாவின் அமைப்பைக்கொண்டே 19-ஆம் நூற்றாண்டில் ஜெர்மானியராகிய டிரோஷல் மெய்யான லிம்பெட்டுகளைத் தனிக்கூட்டமாகப் பிரித்து, உத்தரம் போன்ற நாவுடையன என்று பொருள்படும் டோகோகிளாசா என்னும் பெயரை வழங்கினார். செருப்பு ஓடும், சைபனேரியாவும், துளையோடும் அன்றே வெளியே நின்றுவிட்டன. குல்லாய் ஒன்றாயிருந்தும் நா வேறாயிருந்தது.

அதற்குமேல் அக்கூட்டத்தை நத்தைகளின் பெருமரத்தில் எக்கிளையில் ஒட்டுவது என்னும் கேள்வி இன்றும் சூடு ஆறாதது. 1986-இல் லிண்ட்பெர்க் அதற்குப் பட்டெல்லோகாஸ்ட்ரோபோடா என்று பெயர் சூட்டினார். 1997-இல் அவரும் பாண்டர் என்பவரும் உடலமைப்பை ஆராய்ந்து, நத்தைகளுள் முதன்முதற் பிரிந்த கிளை இதுவே என்றனர். 2019-இல் குன்ஹா, கிரிபெட் இருவரும் மரபணுக்களை ஒப்பிட்டு, இது தனிக் கிளையன்று, அபலோன் முதலியவற்றின் கூட்டத்திற்கு உடன்பிறப்பு என்று காட்டினர். ஸெல்லானாவும், பவெல் காலத்தில் பட்டெல்லிடே என்னும் குடும்பத்தின் ஒரு பிரிவில் இருந்தது, பின்னர் நாஸெல்லிடே என்னும் தனிக் குடும்பத்திற்கு மாற்றப்பட்டது. இத்தனை மாற்றங்களையும் கண்டு, இது என்ன சாஸ்திரம், நாளுக்கொரு பெயர் சொல்கின்றதே என்று சலித்துக்கொள்ளும் மாணாக்கரை நான் அறிவேன். பரீட்சைக்கு மனப்பாடம் செய்பவருக்கு அது சலிப்புத்தான். ஆனால் ஒவ்வொரு மாற்றத்திற்கும் ஒரு புதிய சான்று காரணமாயிருந்தது. ஓட்டிலிருந்து நாவிற்கும், நாவிலிருந்து உடலுக்கும், உடலிலிருந்து மரபணுவிற்கும் ஆராய்ச்சி சென்றது. நம் அலுமாரிச் சீட்டு மட்டும் 1758-லேயே நின்றுவிட்டது.

நிற்க. உடல் முற்றும் அழிந்து ஓடு மாத்திரம் எஞ்சியுள்ளபோது என் செய்வது? இவ்வினா நமக்கு மிகவும் உரியது. கல்வராயனின் பாறைகள் 200 கோடி ஆண்டுகளுக்கு மேற்பட்டவை. பூமியின் ஆழத்து வெப்பத்தில் வெந்து இறுகியவை. அவற்றிற் கிளிஞ்சலைத் தேடுவது வீண். ஆனால் மணிமுத்தாற்றோடு கீழே இறங்கினால், விருத்தாசலத்துப் பக்கத்தில் கடற்படிவங்கள் தோன்றுகின்றன. 1840-களில் சென்னை அரசாங்க உத்தியோகஸ்தர்களாகிய கே, கன்லிஃப் என்னும் இருவர் புதுச்சேரி, விருத்தாசலம், திருச்சிராப்பள்ளிப் பக்கங்களில் புதைபடிவ ஓடுகளைத் திரட்டி இலண்டனுக்கு அனுப்ப, எட்வர்டு ஃபோர்ப்ஸ் 1846-இல் அவற்றை வருணித்தார். பிறகு இந்தியப் புவியியல் ஆய்வுத்துறையினராகிய பிளான்போர்டு, தென்னார்க்காடு திருச்சிராப்பள்ளி ஜில்லாக்களின் அப்பாறைகளை அளந்து, ஊட்டத்தூர், திருச்சிராப்பள்ளி, அரியலூர் என்று மூன்று அடுக்குகளாக வகுத்தார். அக்காலத்தில் கள்ளக்குறிச்சியும் தென்னார்க்காட்டிலேயே அடங்கியிருந்தது. தனி மாவட்டமானது 2019-இல்.

அவ்வடுக்குகளின் ஓடுகளை முழுமையாக ஆராயும் பணி பெர்டினாண்டு ஸ்டோலிஸ்கா என்னும் இளைஞரிடம் வந்தது. அவர் மொராவியாவிற் பிறந்தவர். போர்ன் பட்டியலிட்ட அதே வியன்னாவிற் பயின்றவர். 1862-இல் கல்கத்தாவுக்கு வந்து ஆய்வுத்துறையிற் சேர்ந்தார். தென்னிந்தியக் கிரெட்டேஷியஸ் காலத்து நத்தையினங்களைப்பற்றிய அவர் நூல் 1867-68-இல் வெளிவந்தது. இன்றும் அரியலூர் நிலத்தில் ஓடெடுப்பவர் அதைப் புரட்டாமல் இருத்தல் இயலாது. கல்லாகிய ஓடுகளையே நாளெல்லாம் வருணித்த அவர், உயிருள்ள நத்தைகள் கிடைத்த இடத்தில் ஓட்டோடு நின்றாரல்லர். பினாங்குத் தீவின் நில நத்தைகளைப்பற்றி 1870-களில் எழுதியபோது, ஓட்டின் வருணனையோடு பிராணியின் உருவத்தையும் உள்ளுறுப்புக்களையும் குறித்து வைத்தார். கல்லில் இல்லாதது எது என்பதைக் கல்லோடு பழகியவரே நன்கு அறிவர் போலும். 1874-இல், யார்க்கந்து சென்று திரும்பும் வழியில், லடாக்கின் பனிமலைப் பகுதியில், 36-ஆம் வயதில் அவர் மறைந்தார்.

கல்லான குல்லாய்களைப்பற்றி ஒரு செய்தி இங்கே கூறத்தக்கது. மிகத் தொன்மையான பாறைகளிற் கிடைத்த சில குல்லாய் ஓடுகளைப் பழைய புவியியலார் லிம்பெட்டுகளென்றே வைத்திருந்தனர். 1952-இல் டென்மார்க்கு நாட்டுக் கலாத்தியா என்னும் ஆராய்ச்சிக் கப்பல் நடு அமெரிக்காவின் மேற்குக் கரைக்கு அப்பால் ஆழ்கடலைத் துழாவியபோது, அத்தகைய ஓட்டோடு உயிருள்ள பிராணியே வலையில் வந்தது. 1957-இல் லெம்கே அதற்கு நியோபிலினா என்று பெயரிட்டார். ஓட்டைக் கவிழ்த்துப் பார்த்தால், செவுளும் தசையும் சோடி சோடியாகப் பலமுறை அமைந்திருந்தன. அது லிம்பெட்டும் அன்று, நத்தையும் அன்று. தனி ஒரு வகுப்பு. ஓட்டை மட்டும் பார்த்து நெடுங்காலம் செய்த வகுப்பு ஒரே வலைவீச்சில் கலைந்தது.

ஆயின் புதைபடிவ ஓட்டால் ஒரு பயனும் இல்லையென்று நான் சொல்லவில்லை. மெய்யான லிம்பெட்டுகளின் ஓடு பல அடுக்குகளாலானது; அவ்வடுக்குகளிற் சுண்ணப் படிகங்கள் எவ்வண்ணம் கோக்கப்பட்டுள்ளன என்பது குடும்பத்திற்குக் குடும்பம் வேறுபடும். மெக்ளிண்டாக் என்பவர் 1967-இல் இதை விரிவாக ஆராய்ந்து, ஓட்டைத் தேய்த்து மெல்லிய தகடாக்கி நுண்பெருக்கியிற் பார்த்தால் பல ஐயங்கள் தீருமென்று காட்டினார். படிகங்கள் கரைந்துவிடாத ஓடு கிடைத்தால் இவ்வழி நமக்கும் திறந்திருக்கின்றது. அதுவும் கிடையாதபோது, சீட்டில் பெயருக்குப் பின் ஓர் ஐயக்குறி இட்டு வைப்பதே முறை. ஐயக்குறி இடுவது அவமானம் என்னும் எண்ணம் நம் செய்முறைக் குறிப்பேடுகளில் வேரூன்றியிருக்கின்றது. மதிப்பெண் குறையுமென்று மாணாக்கன் அஞ்சுகின்றான். ஐயமுள்ள இடத்தில் ஐயக்குறி இட்டவனுக்கு ஒரு மதிப்பெண் கூட்டிக் கொடுத்தல் வேண்டும்.

மரபணு ஆராய்ச்சி எல்லாவற்றையும் தீர்த்து வைக்கும்போது சீட்டைப்பற்றி இத்துணை வாதம் எதற்கு என்று பௌதிக நண்பர் ஒருவர் கேட்டார். நல்ல கேள்விதான். ஆனால் கடைகளில் அமிலமிட்டு மெருகேற்றி விற்கும் ஓட்டிலிருந்து மரபணுவைப் பெறுவது அரிது. மதுசாரத்தில் இட்ட உடற்றசை வேண்டும். அத்தசை எங்கே, என்று, பாறையின் எவ்வுயரத்தில் எடுக்கப்பட்டது என்பது தெரியாவிடின், ஆய்வுக்கூடம் தரும் எழுத்து வரிசை போர்னின் பேழை ஓட்டைப் போலவே ஊரற்ற அநாதையாகும். பெயரைப் பிழையாகக் குறித்து அனுப்பினால் அப்பிழை உலகமெங்கும் பரவும். கருவி புதிதாயினும் சீட்டு பழையதே வேண்டும்.

இக்காரணத்தால், சுற்றுலாவுக்குச் சென்ற இடத்துக் கடைவீதியில் ஓடு வாங்கிவந்து குறிப்பேட்டில் ஒட்டும் வழக்கத்தை நாம் கைவிட வேண்டுமென்பது என் துணிபு. அவ்வோடு எக்கடலிலிருந்து வந்ததென்று விற்பவனுக்கும் தெரியாது. மேலும், 1972-ஆம் ஆண்டு வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் அட்டவணைகளில் 2001 முதல் சில சங்கினங்கள் சேர்க்கப்பட்டுள்ளன. அறியாமல் வாங்குபவன் குற்றத்துக்கும் உடந்தையாவான். மாணாக்கரைக் குமரிக்கரைப் பாறைகளுக்கு அழைத்துச் சென்று, நீர் வடிந்த வேளையில், லிம்பெட்டைப் பெயர்க்காமலே அளக்கச் செய்யலாம். ஒரு கயிறும் அளவுகோலும் போதும். அவை உணவு தேடிச் சென்று தத்தம் பழைய இடத்திற்கே திரும்பி வந்து அமர்வதைக் காண விரும்புவோர், ஓட்டின்மேல் சாயப்புள்ளி இட்டு மறுநாள் பார்க்கலாம். பத்து ஓடுகளை அலுமாரியிற் சேர்ப்பதினும் இது மேலான பாடம். பரங்கிப்பேட்டைக் கரை மணலும் சேறுமானது. அங்கே லிம்பெட்டைத் தேடிப் பயனில்லை. ஆயினும் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் கடல்வாழ் உயிரியல் நிலையம் அங்கே இருக்கின்றது. நம் ஆற்றின் முடிவில் இருக்கும் அந்நிலையத்தை நம் மாணாக்கர் ஒருமுறையேனும் காணவேண்டும்.

பெயர் என்றதும் தமிழ்ப்பெயர் எங்கே என்று தமிழன்பர்கள் கேட்பர். சங்கு, சிப்பி, மட்டி, கிளிஞ்சல், சோழி, ஊமச்சி, நத்தை என்று நம்மிடம் சொற்களுக்குக் குறைவில்லை. குல்லாய்ச்சிப்பி என்று ஒன்றை இப்பொழுதே ஆக்கிவிடலாம், எளிதுதான். ஆனால் அதுவும் லின்னேயஸ் செய்ததையே தமிழிற் செய்வதாகும். நான்கு குலத்தையும் மீண்டும் ஒரு குல்லாயின்கீழ் அடைப்பதாகும். பாறைக்கரை ஊர்களில் வாழும் மீனவரிடம் சென்று, அவர் எவ்வோட்டை எப்பெயரால் வழங்குகின்றார், துளையுள்ளதற்கும் இல்லாததற்கும் வேறு பெயர் உண்டா என்று கேட்டு எழுதிவந்த பின்னரே நாம் பெயரைப்பற்றிப் பேசலாம். அதுவரை லிம்பெட் என்னும் அயற்சொல்லே இருக்கட்டும். நம் முன்னோர் வகுத்த முறையையும் இங்கு நினைவூட்ட விரும்புகின்றேன். தொல்காப்பிய மரபியல் உயிர்களை அவை பெற்ற அறிவின் எண்ணிக்கையால், ஓரறிவு முதல் ஆறறிவு ஈறாக வகுத்து, நந்தை ஈரறிவுயிர்களில் வைக்கின்றது. மெய்யும் நாவும் என்பது அவ்வீரறிவு. லிம்பெட்டுக்கு ஒளியை உணரும் குழிக்கண் உண்டென்பது பிற்கால ஆராய்ச்சி; அதனால் எண்ணிக்கை பிழைபடலாம். ஆனால் ஓட்டின் உருவத்தை விட்டு, உயிர் எதனை உணர்கின்றது என்று கேட்ட அந்தக் கேள்வி பிழையானதன்று.

கடைசியாக, கடலுக்குச் செல்லப் பணமும் நாளும் இல்லாத மாணாக்கருக்கு ஒரு வேலை. குல்லாயணிந்த நத்தைகளுள் நன்னீரில் வாழ்வனவும் உண்டென்று முன்னே சொன்னேன். பெரிசியா என்னும் பேரினத்தைச் சேர்ந்த அவை இந்தியக் குளங்களிலும் ஓடைகளிலும் வாழ்கின்றன. நீளம் சில மில்லிமீட்டரே. பலர் அழுக்கென்று துடைத்துவிடுவர். குல்லாய் இருந்தும் இவை லிம்பெட் அல்ல. குளத்தில் தட்டையாகச் சுருண்டு கிடக்கும் நத்தைகளின் குடும்பத்தைச் சார்ந்தவை. வடகிழக்குப் பருவமழை ஓய்ந்து நீர் தெளியும் தை, மாசி மாதங்களில், மேகம் நீர்வீழ்ச்சிக்குக் கீழேயும், கோமுகி மணிமுத்தாறு அணைகளின் கரையோரத்திலும், நீரில் அமிழ்ந்து கிடக்கும் இலைகளின் அடிப்புறத்தையும் வழவழப்பான கற்களின் பக்கங்களையும் பத்து மடங்கு பெருக்கிக் காட்டும் கண்ணாடியோடு தேடுக. கிடைத்தால் ஒன்றிரண்டை மட்டும் மதுசாரத்தில் இட்டு, ஓடையின் பெயர், அருகிலுள்ள ஊர், நீரின் ஆழம், இலையா கல்லா, நாள், எடுத்தவர் பெயர் ஆகிய ஆறையும் கரிக்கோலால் கெட்டித்தாளில் எழுதிக் குப்பியின் உள்ளேயே போடுக. வெளியே ஒட்டிய சீட்டு உதிர்ந்துவிடும், மையெழுத்து மதுசாரத்தில் கரைந்துவிடும்.